உள்ளொளியின் மக்கள் – 17: துப்பாக்கியைத் துடைக்க மறுத்தவர்

சென்ற வாரம் எட்வின் காப்பாக்கைத் தூக்குமேடையில் விட்டுவிட்டு வந்தோம். அயோவாவில் குவேக்கர் என்ற கிறிஸ்தவச் சபையினர் நிறைந்த ஸ்பிரிங்டேல் என்ற சிற்றூரின் இளைஞர். 1859 அக்டோபரில் தம்பி பார்க்ளேயுடன் ஜான் பிரவுனின் படையில் சேர்ந்து, அடிமைகளை விடுவிப்பதற்காக ஹார்ப்பர்ஸ் ஃபெரியில் துப்பாக்கி ஏந்தினார். டிசம்பர் 16 அன்று வர்ஜீனியா அவரைத் தூக்கிலிட்டது.

அடிமைமுறையை வெறுக்க அவருக்குக் கற்றுக்கொடுத்தது குவேக்கர் வளர்ப்பு. ஆயுதத்தைத் தொடாதே என்று கற்றுக்கொடுத்ததும் அதே வளர்ப்புதான். இரண்டில் ஒன்றை அவர் கைவிட வேண்டியிருந்தது; ஆயுதத்தைத் தொட்டார்.

அன்று அது இரண்டு சகோதரர்களின் சிக்கல். நான்கே ஆண்டுகளில் அமெரிக்க அரசின் சட்டம் அதே சிக்கலை ஒவ்வொரு குவேக்கர் வீட்டு வாசலுக்கும் கொண்டுவந்து நிறுத்தியது.

பெயர் விழுந்தது

1863 ஜூலை 13, திங்கட்கிழமை. வெர்மான்ட் மாநிலத்தின் பர்லிங்டன் நகரில் கட்டாய ராணுவச் சேர்ப்புக்கான குலுக்கல் நடந்தது. அதில் விழுந்த பெயர்களில் ஒன்று சைரஸ் பிரிங்கிள்.

வயது 25. கல்லூரியில் சேர்ந்த காலத்தில் அண்ணன் இறந்துபோக, விதவைத் தாயையும் தம்பியையும் பார்த்துக்கொள்ளப் படிப்பை விட்டுவிட்டு ஊருக்குத் திரும்பியவர். செடிகொடிகள் மீது தீராத நாட்டம். அந்த ஆண்டு பிப்ரவரியில்தான் அல்மைரா கிரீன் என்ற குவேக்கர் பெண்ணை மணந்திருந்தார். திருமணமாகி ஐந்து மாதம்கூட ஆகவில்லை.

பெயர் விழுந்த நாளிலிருந்தே அவர் நாட்குறிப்பு எழுதினார். அதில் ஜூலை என்று எழுதியிருக்க மாட்டார். ஏழாம் மாதம், பதின்மூன்றாம் நாள் என்றே குறித்திருப்பார். மாதப் பெயர்களில் பழைய ரோமத் தெய்வங்களும் மன்னர்களும் ஒட்டிக்கொண்டிருப்பதால் அக்காலக் குவேக்கர்கள் அவற்றைச் சொன்னதில்லை. ஒரு மாதத்தின் பெயரில்கூட மனசாட்சியைப் பார்ப்பவர்களிடம்தான் அரசு துப்பாக்கியை நீட்டப்போகிறது.

வடக்குக்கும் தெற்குக்கும் நடந்த உள்நாட்டுப் போரில் கெட்டிஸ்பர்க் சண்டை முடிந்து அப்போது பத்து நாள்தான் ஆகியிருந்தது. மூன்றே நாட்களில் இரு தரப்பிலும் சேர்த்து ஏறத்தாழ 50,000 பேர் இறந்தோ காயம்பட்டோ காணாமலோ போயிருந்தார்கள். ஆட்கள் தேவைப்பட்டார்கள். தாமாக முன்வருபவர்கள் குறைந்துபோனதால் அந்த ஆண்டு மார்ச் மாதம் நாடாளுமன்றம் ஒரு சட்டம் கொண்டுவந்திருந்தது. 20 முதல் 45 வயதுவரை உள்ள ஆண்கள் பெயர் கொடுக்க வேண்டும். குலுக்கலில் பெயர் விழுந்தால் போக வேண்டும். போக மனமில்லையா? மாற்று ஆளை அனுப்பலாம், அல்லது 300 டாலர் கட்டலாம்.

300 டாலர் என்பது ஒரு கூலித் தொழிலாளியின் ஓராண்டு வருமானத்துக்குச் சமம்.

அதே நாள், நியூயார்க்கில்

பர்லிங்டனில் பிரிங்கிளின் பெயர் விழுந்த அதே ஜூலை 13 அன்று நியூயார்க் நகரம் பற்றி எரிந்தது.

பணக்காரன் பணத்தைக் கட்டிவிட்டு வீட்டில் இருப்பான், ஏழை போய்ச் சாக வேண்டுமா என்ற கோபத்தில் தொடங்கியது கலவரம். கோபத்தில் நியாயம் இருந்தது. ஆனால் சில மணி நேரத்துக்குள் அது கறுப்பின மக்கள் மீது திரும்பியது. இவர்களுக்காகத்தானே இந்தப் போர் என்றது கும்பல். நான்கு நாட்களில் 100 பேருக்கு மேல் மாண்டார்கள். கறுப்பின ஆண்கள் குறைந்தது 11 பேர் அடித்தும் தூக்கிலிட்டும் கொல்லப்பட்டார்கள்.

முதல் நாள் பிற்பகலிலேயே கும்பல் ஐந்தாம் அவென்யூவில் இருந்த கறுப்பினக் குழந்தைகளுக்கான அநாதை இல்லத்தின் கதவை உடைத்தது. உள்ளே 233 குழந்தைகள். பணியாளர்கள் அவர்களைப் பின்வாசல் வழியாக அழைத்துச் சென்று காப்பாற்றினார்கள். முன்வாசலில் நுழைந்தவர்கள் கட்டில், போர்வை, பாத்திரம் என்று கைக்கு அகப்பட்டதையெல்லாம் அள்ளிக்கொண்டு கட்டடத்துக்குத் தீ வைத்தார்கள்.

அந்த இல்லத்தை 1836-இல் தொடங்கியவர்கள் குவேக்கர் பெண்கள்.

ஆயுதம் வேண்டாம் என்று 200 ஆண்டுகளாகச் சொல்லிவந்தவர்களின் இல்லம் அது. அதை எரித்தவர்கள் போருக்குப் போக மாட்டோம் என்று கிளம்பியவர்கள். போரை மறுப்பவர்கள் எல்லோரும் ஒரே காரணத்துக்காக மறுப்பதில்லை என்பதை அமெரிக்கா அன்றைக்குக் கண்ணால் கண்டது. அதன் விளைவைப் பிரிங்கிள் போன்றவர்கள் சுமக்க நேர்ந்தது. ராணுவ அதிகாரிகளின் கண்ணுக்கு, போக மறுப்பவன் எவனும் கோழையாகவோ துரோகியாகவோதான் தெரிந்தான்.

1688-இன் கேள்வி

இங்கே கொஞ்சம் பின்னால் போக வேண்டும். இத்தொடரின் தொடக்கத்தில் பார்த்த ஜெர்மன்டவுன் மனு நினைவிருக்கும். 1688-இல் பாஸ்டோரியஸ் உள்ளிட்ட நால்வர் பென்சில்வேனியாவில் எழுதிக் கையெழுத்திட்ட மனு. வட அமெரிக்காவின் ஆங்கிலக் குடியேற்றங்களில் அடிமைமுறையை எதிர்த்து எழுந்த முதல் எழுத்துபூர்வமான குரல்களில் ஒன்று.

அந்த மனுவின் ஓரிடத்தில் சக குவேக்கர்களை நோக்கி ஒரு கேள்வி வருகிறது. நீங்கள் வைத்திருக்கும் அடிமைகள் ஒன்றுசேர்ந்து விடுதலைக்காக எதிர்த்து நின்றால் என்ன செய்வீர்கள்? வாளைத் தொடமாட்டோம் என்று சொல்லும் நீங்கள், அவர்களை அடக்க வாளை எடுப்பீர்களா? அடிமையாக வைத்திருக்க உங்களுக்கு உரிமை உண்டென்றால், சுதந்திரத்துக்காகப் போராட அவர்களுக்கு உரிமை இல்லையா?

என் பார்வையில் குவேக்கர் வரலாற்றின் முதுகெலும்பு இந்தக் கேள்விதான். அடிமைமுறை அவர்களுக்கு ஒரு பாவம், போர் இன்னொரு பாவம் என்று தனித்தனியாக இருந்ததில்லை. ஆப்பிரிக்காவில் சண்டையில் பிடித்து, சங்கிலியில் கட்டி, சாட்டையால் வேலை வாங்கும் ஏற்பாடு முழுவதுமே ஓயாத போர் என்று கண்டார்கள். 1738-இல் பெஞ்சமின் லே அங்கிக்குள் ராணுவ உடை அணிந்து கூட்டத்துக்கு வந்து, சிவப்புச் சாறு நிரப்பிய புத்தகத்தை வாளால் குத்தியது அதைக் காட்டத்தான். ஜான் வூல்மன் அடிமை விற்பனைப் பத்திரம் எழுத மறுத்ததும், பின்னர் போர் வரி கட்ட மறுத்ததும் ஒரே மனசாட்சியின் வேலை. 1776-இல் அடிமை வைத்திருப்பவர் சபையில் இருக்க முடியாது என்று பிலடெல்பியா ஆண்டுக் கூட்டம் முடிவெடுத்ததும் அந்த வழியில் வந்ததுதான்.

அடிமைமுறையை நடத்துவது வன்முறை. ஆகவே வன்முறையை மறுப்பவன் அடிமைமுறையையும் மறுக்க வேண்டும். 175 ஆண்டுகளாக இந்தத் தர்க்கம் உடையாமல் நின்றது.

1863 ஜனவரி 1 அன்று லிங்கன் விடுதலைப் பிரகடனத்தில் கையெழுத்திட்டார். அன்றிலிருந்து வடக்கின் ராணுவம் தெற்கில் முன்னேறிய ஒவ்வொரு மைலிலும் அடிமைகள் விடுதலையானார்கள். குவேக்கர்கள் தலைமுறை தலைமுறையாக வேண்டிக்கொண்டது கண்ணெதிரே நடந்தது. அதை நடத்திக் காட்டியது துப்பாக்கி.

தர்க்கம் நடுவில் பிளந்தது.

பிளவின் இரு கரைகள்

மெய்ன் மாநிலத்தின் புகழ்பெற்ற குவேக்கர் தம்பதி எலை ஜோன்ஸ், சிபில் ஜோன்ஸ். அவர்களுடைய மகன் ஜேம்ஸ் பார்னெல் ஜோன்ஸ் ராணுவத்தில் சேர்ந்து மேஜரானார். 1864 ஜூலையில் தலைநகர் வாஷிங்டனின் வாசலில், ஸ்டீவன்ஸ் கோட்டைச் சண்டையில் உயிர் துறந்தார். மகனின் முடிவை ஏற்காத அந்தத் தாய், ராணுவ மருத்துவமனைகளில் கட்டில் கட்டிலாகப் போய்க் காயம்பட்ட சிப்பாய்களுக்கு ஆறுதல் சொல்லிக்கொண்டிருந்தார்.

பிலடெல்பியாவுக்கு வெளியே லுக்ரீஷியா மாட் வாழ்ந்தார். அடிமை ஒழிப்பு இயக்கத்தின் மூத்த குரல், போரைக் கடைசிவரை ஏற்காதவர். 1863 கோடையில் அவர் வீட்டுக்கு அருகிலேயே, அவருடைய மருமகனின் நிலத்தில், கறுப்பின வீரர்களுக்கான பயிற்சி முகாம் எழுந்தது. அதற்குச் சூட்டப்பட்ட பெயர் கேம்ப் வில்லியம் பென்! படையில்லாத மாகாணம் அமைத்த குவேக்கரின் பெயரில் ஒரு படைமுகாம். போர் முடிவதற்குள் ஏறத்தாழ 11,000 பேர் அங்கே பயிற்சி பெற்றுக் களம் போனார்கள். லுக்ரீஷியா அந்த முகாமுக்குப் போய் வீரர்களிடம் பேசினார். அவர்கள் தேர்ந்த வழி அவர் வழியல்ல. ஆனால் அவர்களைத் தள்ளிவைக்க அவருக்கு மனம் வரவில்லை.

அந்த வீரர்களின் பக்கமிருந்து பார்க்காமல் இந்தக் கதையைச் சொல்வது நேர்மையாகாது. பிரிங்கிளின் பெயர் விழுந்து ஐந்தாம் நாள், ஜூலை 18 அன்று, மாசசூசெட்ஸ் 54-ஆம் படைப்பிரிவின் கறுப்பின வீரர்கள் தென் கரோலைனாவின் வாக்னர் கோட்டை மீது பாய்ந்தார்கள். கறுப்பினத் தலைவர் ஃபிரெடரிக் டக்ளஸின் மகன்கள் இருவர் அந்தப் பிரிவில் சேர்ந்திருந்தார்கள். சாட்டையின் கீழ் பிறந்தவனிடம் போய், பொறு, அன்பால் எல்லாம் மாறும் என்று சொல்ல யாருக்கு வாய் வரும்? பல குவேக்கர் இளைஞர்களுக்கு வரவில்லை. இந்தியானாவிலும் பிற மாநிலங்களிலும் அவர்கள் நீல உடை அணிந்து போனார்கள். சில கூட்டங்கள் அவர்களை நீக்கின. சில கூட்டங்கள் பார்த்தும் பாராமல் இருந்துவிட்டன.

பிரிங்கிள் மறுகரையில் நின்றார்.

300 டாலர்

பணம் கட்டியிருந்தால் அன்றே கதை முடிந்திருக்கும். உறவினர் ஒருவர் கட்டவும் முன்வந்தார். பிரிங்கிள் ஒப்புக்கொள்ளவில்லை. அவரோடு நின்ற லிண்ட்லி மேகம்பர், பீட்டர் டேக்கின் என்ற இரண்டு குவேக்கர்களும் அப்படியே.

வெளியிலிருந்து பார்க்கும்போது இது வீண் பிடிவாதமாகத் தெரியும். அவர்கள் யோசித்தது இப்படி: நான் கட்டும் பணத்தால் என் இடத்துக்கு இன்னொருவன் போவான். நான் கொல்ல மறுத்த மனிதனை அவன் கொல்வான், அல்லது எனக்காகச் சாவான். கொலையை நானே செய்யாமல் ஆள் வைத்துச் செய்தால் பாவம் குறைந்துவிடுமா? மனசாட்சிக்கு அரசு விலை வைக்கிறது. விலையைக் கொடுத்தால் விற்பனையை ஒப்புக்கொண்டதாகிவிடும்.

குவேக்கர்கள் எல்லோரும் இப்படி நினைக்கவில்லை. பணத்தைக் கட்டிவிட்டு ஊமையாக வேதனைப்பட்டவர்களும் உண்டு.

ஆகஸ்ட் கடைசியில் மூவரும் பிராட்டில்பரோ நகரின் காவல் கட்டடத்தில் அடைபட்டிருந்தார்கள். அங்கிருந்து பாஸ்டன் துறைமுகத்தின் லாங் ஐலண்டு முகாம். பின்னர் கப்பலில் வர்ஜீனியாவின் அலெக்ஸாண்ட்ரியா. உடன் இருந்தவர்களில் பலர் காசுக்கு மாற்று ஆளாக வந்து, ஓடப்பார்த்துப் பிடிபட்டவர்கள். அவர்கள் நடுவில், ஓட நினைக்காமலும் ஒத்துழைக்காமலும் மூன்று பேர்.

அலெக்ஸாண்ட்ரியாவில் ஆயுதம் கொடுத்தார்கள். வாங்க மறுத்தார்கள். பட்டைகளை அவர்கள் இடுப்பில் பிறர் மாட்டினார்கள். துப்பாக்கியின் வாரைத் தளர்த்தித் தலைவழியாகப் போட்டுத் தோளில் தொங்கவிட்டார்கள். கையால் தொடாத துப்பாக்கி முதுகில் ஆட, தெருக்களின் வழியே அவர்களை விரட்டிக்கொண்டு போய் ரயிலில் ஏற்றினார்கள். ரயில் போர்முனையை அடுத்த கல்பெப்பருக்குப் போனது. அங்கே வெர்மான்ட் நான்காம் படைப்பிரிவு முகாமிட்டிருந்தது.

கர்னலின் வேண்டுகோள்

அடியை எதிர்பார்த்துப் போனவர்களுக்கு முதலில் கிடைத்தது அன்பு. அதுதான் ஆபத்தாக இருந்தது.

ஒரு மாலை கர்னலே வந்தார். முதலில் கடுமையாக நடந்துகொண்டதற்கு வருத்தம் தெரிவித்தார். படைப்பிரிவின் மருத்துவமனையில் வேலை செய்யுங்கள், நோயாளிகளைப் பாருங்கள், யாரையும் சுட வேண்டாம் என்றார். நியூயார்க் பக்கத்துக் குவேக்கர்களே இதைத்தான் யோசனை சொல்கிறார்கள் என்றும் சொன்னார். அது உண்மைதான் என்று மூவருக்கும் தெரியும்.

நெடுநேரம் பேசினார். கடைசியில் அவர்கள் இணங்கினார்கள். நண்பர்களின் ஆலோசனை வரும்வரை முயன்று பார்க்கிறோம், மனம் ஒப்பவில்லையென்றால் பழைய நிலைக்கே திரும்புவோம் என்ற நிபந்தனையோடு.

காயம்பட்டவனுக்குத் தண்ணீர் கொடுப்பதில் என்ன தப்பு? இந்தக் கேள்வி அந்த நாட்களில் பிரிங்கிளை அரித்தது. சேவை என்றால் அவர் ஓடிப்போய்ச் செய்பவர். ஆனால் தான் நிற்கும் இடத்தில் முன்பு நின்ற சிப்பாய், துப்பாக்கியோடு வரிசைக்குத் திரும்புகிறான். ராணுவ ஆணைக்குக் கீழ்ப்படிந்து செய்யும் வேலை எதுவாக இருந்தாலும் அது போரின் வேலையே என்று அவர் மனம் சொன்னது. மூவரும் மருத்துவமனையை விட்டு விலகினார்கள்.

இந்த இடத்தில் அவரோடு உடன்படாமல் போகிறவர்கள் நிறையப் பேர் இருப்பார்கள். எனக்கும் அது எளிதாக இல்லை. ஆனால் உயிருக்கும் உடம்புக்கும் பாதுகாப்பான ஓரிடத்தை விட்டுவிட்டு, தண்டனை நிச்சயம் என்று தெரிந்த இடத்துக்கு ஒருவர் தாமே நடந்து வருகிறார் என்றால், அதைப் பிடிவாதம் என்று ஒதுக்க முடியவில்லை.

கர்னலின் அன்பு வற்றியது.

நான்கு முளைகள்

அக்டோபர் 3, சனிக்கிழமை. முந்தைய நாள் மழை பெய்து ஓய்ந்திருந்தது. விடிந்தபோது வானம் வெளுத்திருந்தது.

பிரிங்கிளிடம் ஓர் ஆணை வந்தது. அவர்மீது சுமத்தி அனுப்பிய துப்பாக்கியைச் சுத்தம் செய்ய வேண்டும். சுட வேண்டாம், தோளில் ஏந்த வேண்டாம், துடைத்து வைத்தால் போதும்.

மறுத்தார்.

இரண்டு சார்ஜண்டுகள் வந்தார்கள். கொஞ்சம் தள்ளி அழைத்துப் போய் மல்லாந்து படுக்கச் சொன்னார்கள். படுத்தார். கைகளையும் கால்களையும் அகல விரித்து, மணிக்கட்டிலும் கணுக்காலிலும் கயிற்றைக் கட்டி, தரையில் அடித்த நான்கு முளைகளில் இழுத்து முடிந்தார்கள். மேலிருந்து பார்த்தால் பெருக்கல் குறிபோல ஒரு மனித உடல்.

கீழே மழையில் ஊறிய மண். மேலே வெயில். கயிறு மணிக்கட்டை அறுத்தது, தசைகள் இழுபட்டன. ஏறத்தாழ இரண்டு மணி நேரம்.

அவர் அழுதார். அழுததற்கான காரணத்தை நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். வலியைவிடப் பெரிது வேறொன்று. ஆண்டுதோறும் ஜூலை நான்காம் நாள் மேடை போட்டுச் சுதந்திரத்தையும் மனசாட்சி உரிமையையும் கொண்டாடும் தன் நாட்டில் இப்படி நடக்கிறதே என்ற துயரம்தான் தாங்கவில்லை. கட்டியவர்கள் மீது ஒரு கடுஞ்சொல் இல்லை. அவர்களுக்காகவும் அவர் வருந்துகிறார்.

அந்தச் சார்ஜண்டுகளைக் கொடியவர்களாகச் சித்திரிக்க எனக்கும் மனமில்லை. வெர்மான்ட் படைகள் அதற்குள் எத்தனையோ களங்களில் ரத்தம் சிந்தியிருந்தன. தோழர்களைப் புதைத்துவிட்டு வந்தவர்களின் கண்ணெதிரே, அதே மாநிலத்து இளைஞன் ஒருவன் துப்பாக்கியைத் துணியால் துடைக்கக்கூட மாட்டேன் என்கிறான். அவர்களுக்கு எப்படி இருந்திருக்கும்?

அவிழ்த்துவிட்டபோதும் பிரிங்கிளின் பதில் மாறவில்லை. அடுத்து இதைவிடக் கடுமையாக இருக்கும் என்ற மிரட்டலோடு அன்றைய பொழுது போனது. ராணுவச் சட்டம் அதற்கு மேலும் போக இடம் தந்தது. களத்தில் ஆணையை மீறும் சிப்பாய்க்கு மரணதண்டனைவரை விதிக்கலாம்.

வாஷிங்டனிலிருந்து ஆணை

ஆனால் அடுத்து வந்தது கயிறல்ல, ஓர் ஆணை. மூவரையும் வாஷிங்டனுக்கு அனுப்புக.

தலைநகரில் ஒரு மனிதர் இவர்களுக்காக அலைந்துகொண்டிருந்தார். பெயர் ஐசக் நியூட்டன். அறிவியலாளரோடு பெயர் மட்டுமே பொருத்தம். முந்தைய ஆண்டு புதிதாகத் தொடங்கிய வேளாண் துறையின் முதல் ஆணையர். அவரும் குவேக்கர். லிங்கனை நேரில் பார்த்துப் பேசக்கூடியவர்.

அவர் முதலில் தாண்ட வேண்டியிருந்தது போர் அமைச்சர் எட்வின் ஸ்டான்டனை. ஸ்டான்டனின் தந்தைவழிக் குடும்பமே குவேக்கர் குடும்பம். அடிமைமுறையிலிருந்து விலகி வாழ்வதற்காகவே வட கரோலைனாவை விட்டு ஒஹாயோவுக்குக் குடிபெயர்ந்த குடும்பம். இவர்கள் பேசும் பாஷை அவருக்குப் புரியாததல்ல. ஆனால் அவர் கையில் ஒரு சட்டம் இருந்தது. அதில் மனசாட்சிக்கென்று ஒரு வரி கிடையாது.

மூவரும் மருத்துவமனை ஒன்றில் காத்திருந்த அதே அக்டோபரில், 17-ஆம் தேதி, லிங்கன் மேலும் 3,00,000 வீரர்கள் வேண்டும் என்று அறைகூவல் விடுத்தார். அதற்குச் சில வாரங்களுக்கு முன்தான் சிக்கமோகாவில் வடக்கு தோற்றிருந்தது. நாடெங்கும் தாய்மார்கள் மகன்களை வழியனுப்பிக்கொண்டிருந்தார்கள். நியூயார்க்கின் சாம்பல் இன்னும் ஆறவில்லை. இந்த நேரத்தில் மூன்று பேரை மட்டும் வீட்டுக்குப் போ என்று அனுப்பினால், மற்றவர்களுக்குக் குடியரசுத் தலைவர் என்ன பதில் சொல்வார்?

அனுப்பாவிட்டால், அடிமைகளை முதலில் மனிதர்களாகக் கண்ட மக்களின் பிள்ளைகளை அடிமை விடுதலைப் போரின் பேரால் முளையில் கட்டிய ஆட்சி என்ற பேச்சு நிற்கும்.

ஸ்டான்டன் முடியாது என்றார். நியூட்டன் லிங்கனின் மாளிகைப் படியேறினார். உள்ளே லிங்கன் யார் பக்கம் நின்றார்?

(அடுத்த வாரம்)